தறி நின்ற பிறகும் கேட்ட சத்தம்

என்னை ஒரு நாளும் பெயர் சொல்லிக் கூப்பிடாமல், அம்மணி என்றே கூப்பிட்ட என் அப்பாவுக்கு,

இது உங்களுக்கு நான் எழுதும் முதல் கடிதம். நீங்கள் இருந்த காலத்தில் எழுதத் தேவை வரவில்லை. போர்வெல் போட ரிக் வண்டியோடு ராஜஸ்தான், சத்தீஸ்கர் என்று மாதக்கணக்கில் போய்விடுவீர்கள். ஆனாலும் வேலை முடிந்ததும் போன் வந்துவிடும். கம்ப்ரசர் பக்கத்திலேயே நின்று பழகியதால் போனிலும் கத்தித்தான் பேசுவீர்கள். நாங்களும் பதிலுக்குக் கத்துவோம். நம் வீட்டுச் செய்தி எல்லாம் தெருவுக்கே தெரியும்.

ஒரே ஒரு செய்தியைத் தவிர. அந்தச் செய்தியைத்தான், முன்பின் பழக்கமில்லாத ஒரு பெண்ணிடம், அவள் வீட்டு அடுப்படியில் உட்கார்ந்து நான் சொல்லிவிட்டேன். உங்களைக் கேட்காமல் சொன்னேன். எதற்காகச் சொன்னேன் என்று உங்களுக்குத் தெரிய வேண்டும். அதற்குத்தான் இந்தக் கடிதம்.

முதலில் வீட்டு நிலவரம். அம்மாவுக்கு முழங்கால் வலி கூடியிருக்கிறது. ராசிபுரத்துக்கு என்னோடு வந்துவிடச் சொன்னால், திருச்செங்கோட்டை விட்டு வரமாட்டேன் என்கிறாள். காலையில் வாசலில் நின்று மலையைக் கும்பிட்டால்தான் அவளுக்குக் காபி இறங்குமாம். தம்பி போன வாரம் வந்து போனான். என் மகள், உங்கள் பேத்தி, பல் விழுந்த வாயோடு சிரிக்கிறாள். நீங்கள் பார்த்தால் உங்கள் அம்மா ஜாடை என்பீர்கள்.

எனக்கு வேலை மாறியிருக்கிறது. ஆஸ்பத்திரியில் உட்கார்ந்து வருகிறவர்களைப் பார்த்த காலம் போய், இப்போது பள்ளிக்கூடங்களுக்கும் அங்கன்வாடிகளுக்கும் நாங்களே போய்க் குழந்தைகளைப் பரிசோதிக்கிறோம். ஒரு வேன், ஒரு டிரைவர், நர்ஸ் ரேவதி, நான். வெண்ணந்தூரைச் சுற்றியுள்ள ஊர்கள்தான் எங்கள் பக்கம். பாதி ஊர் வயல், பாதி ஊர் தறி. கண், காது, பல், தோல் எல்லாம் பார்ப்போம். ஆனால் எனக்கு அதிக நேரம் பிடிப்பது நெஞ்சுதான்.

"அந்தக் கொழாயில அப்படி என்னதான் அம்மணி கேக்கும்?" என்று நீங்கள் ஒருமுறை கேட்டீர்கள். நான் அப்போது படித்துக்கொண்டிருந்தேன். ஏதோ சொல்லிச் சமாளித்தேன். இப்போது கொஞ்சம் விவரமாகச் சொல்கிறேன், கேளுங்கள்.

குழந்தையின் நெஞ்சைப் பார்ப்பது பெரியவர்களுக்குப் பார்ப்பது மாதிரி இல்லை. பெரியவர்களிடம் மூச்சை இழுங்கள், விடுங்கள் என்றால் செய்வார்கள். மூன்று வயதுக் குழந்தையிடம் சொன்னால் அது என் முகத்தைப் பார்த்துவிட்டு அழ ஆரம்பிக்கும். அதனால் கை வைப்பதற்கு முன்பே பாதி வேலையை முடித்துவிட வேண்டும். குழந்தை விளையாடிக்கொண்டிருக்கும்போது, அதைப் பார்க்காத மாதிரி பார்க்க வேண்டும். மூச்சு வேகமாக இருக்கிறதா, விலாவுக்குக் கீழே குழி விழுகிறதா, மூக்கு விடைக்கிறதா, ஓடிவிட்டு எவ்வளவு நேரத்தில் உட்காருகிறது. தூங்குகிற குழந்தை கிடைத்துவிட்டால் எனக்கு அன்று அதிர்ஷ்டம். மடியிலிருந்து இறக்காமலே மூச்சை எண்ணிவிடுவேன்.

பிறகு ஸ்டெதஸ்கோப்பின் வட்டத்தை உள்ளங்கையில் தேய்த்துச் சூடாக்குவேன். சில்லென்று பட்டால் போச்சு. முதலில் அவர்கள் காதிலேயே மாட்டி அவர்கள் நெஞ்சையே கேட்கச் சொல்வேன். "உள்ள யாரு சாமி இருக்காங்க?" என்று கேட்டால் ஒருவன் ரயில் என்பான், ஒருத்தி கோழி என்பாள். ஆழமாக மூச்சு விட வைப்பதற்கு, ஒரு காகிதத் துண்டைக் கையில் பிடித்து ஊதித் தள்ளச் சொல்வேன். ஊதுவதற்கு இழுத்துத்தானே ஆக வேண்டும். அழுதாலும் நஷ்டமில்லை. ஒரு வீறலுக்கும் அடுத்த வீறலுக்கும் நடுவில் குழந்தை நெஞ்சு நிறைய இழுக்கும். அந்த ஒரு இழுப்பில் முழு நுரையீரலும் கேட்டுவிடும். தொண்டைக்குள் டார்ச் அடிப்பது எப்போதும் கடைசியில்தான். அதை முதலில் செய்தால் அப்புறம் ஒன்றும் செய்ய விடமாட்டார்கள்.

நல்ல நுரையீரலில் காற்றுப் போகும் சத்தம் இலைகளில் லேசாகக் காற்று அடிப்பது போல இருக்கும். ஆஸ்துமா இழுப்பு இருந்தால் விசில். நிமோனியா என்றால், காதோரத்து முடியை இரண்டு விரலில் வைத்து உருட்டினால் ஒரு சத்தம் வருமே, அது. வலது பக்கம் கேட்பது இடது பக்கமும் அதே அளவு கேட்கிறதா என்று முதுகிலும் அக்குளிலும் வைத்து மாற்றி மாற்றிப் பார்ப்பேன். இதயத்துக்கு இரண்டு சத்தம். அந்த இரண்டுக்கும் நடுவில் அமைதி இருக்க வேண்டும். அந்த அமைதியைத்தான் நாங்கள் கவனித்துக் கேட்கிறோம். நிறையக் குழந்தைகளுக்கு அதில் ஒரு சின்ன முணுமுணுப்பு கேட்கும். படுக்க வைத்தால் கூடும், உட்கார வைத்தால் குறையும். அது ஒன்றும் செய்யாது, வளர வளரப் போய்விடும். எது ஒன்றும் செய்யாதது, எது செய்யக் கூடியது என்று பிரித்துச் சொல்வதற்குத்தான் எனக்குச் சம்பளம்.

தர்ஷினி என்று ஒரு பெண் குழந்தை. ஒன்றாம் வகுப்பு. வெண்ணந்தூருக்குப் பக்கத்து ஊர்ப் பள்ளிக்கூடம். நாங்கள் அங்கே போகிற ஒவ்வொரு முறையும் அவள் மட்டும் லீவு. அங்கன்வாடியில் இருந்தபோதும் அப்படித்தானாம். "ஊசின்னா பயமாட்டம் இருக்குதுங்க மேடம். நீங்க வாரீங்கன்னு சொன்னாலே அம்மாக்காரி அனுப்பறதில்லீங்க," என்றார் தலைமையாசிரியை. இப்படிச் சில குழந்தைகள் எல்லா ஊரிலும் உண்டு. நானும் பெரிதாக நினைக்கவில்லை.

போன வருஷம் ஆடி மாதத்தில் ஒரு நாள், நாங்கள் போக வேண்டிய பள்ளிக்கூடத்துக்கு ஊர்த் திருவிழாவுக்காகத் திடீரென்று விடுமுறை விட்டுவிட்டார்கள். வேனைத் திருப்பிக்கொண்டு வருகிற வழியில் இந்தப் பள்ளிக்கூடம். விட்டுப்போன குழந்தைகளையாவது பார்த்துவிடலாம் என்று சொல்லாமல் கொள்ளாமல் இறங்கினோம். தர்ஷினி இருந்தாள்.

ரேவதி எடை போட்டுவிட்டு என்னைப் பார்த்தாள். வயதுக்கு எடை இல்லை. சட்டையைக் கழற்றியதும் இடது பக்க விலா எலும்புகளுக்கு நடுவில் இதயம் துடிப்பது கண்ணுக்கே தெரிந்தது. மணிக்கட்டைப் பிடித்தால், குச்சி மாதிரி கையில் நாடி மட்டும் விரலைத் தூக்கித் தூக்கிப் போட்டது. "ஓடிப் பிடிச்சு விளையாடுவியா கண்ணு?" என்று கேட்டேன். "நான் அவுட்டுங்க. உக்காந்து பாப்பனுங்க," என்றாள். அழவில்லை, பயப்படவும் இல்லை. ஊசிக்குப் பயப்படுகிற குழந்தை மாதிரி அவள் இல்லவே இல்லை.

அந்தப் பள்ளிக்கூடத்துக்குச் சுவர் ஒட்டி ஒரு பவர்லூம் ஷெட். தடக் தடக் என்று நாள் முழுக்க ஓடும். டீச்சர்கள் அதற்கு மேல் குரல் எடுத்துத்தான் பாடம் நடத்துவார்கள், உங்களை மாதிரியே. இடது காறை எலும்புக்குக் கீழே வைத்துக் கேட்கிறேன், ஏதோ கேட்கிறது, ஆனால் தறிச் சத்தத்திலிருந்து அதைப் பிரிக்க முடியவில்லை. டிரைவரை அனுப்பி, கொஞ்ச நேரம் தறியை நிறுத்தச் சொல்ல முடியுமா என்று கேட்கச் சொன்னேன். நல்ல மனுஷர்கள், உடனே நிறுத்தினார்கள்.

ஷெட் அடங்கியது. பள்ளிக்கூடமே ஒரு நிமிஷம் திகைத்துப்போய் அடங்கியது. ஆனால் என் காதில் சத்தம் நிற்கவில்லை. முதல் சத்தத்துக்கும் இரண்டாவது சத்தத்துக்கும் நடுவில், அதற்கு அப்புறமும், இடைவெளியே இல்லாமல் ஒரு இயந்திரம் ஓடிக்கொண்டே இருந்தது. "கரண்டு போயிருச்சுங்களா?" என்று அந்தக் குழந்தை கேட்டது.

வயிற்றில் இருக்கும்போது குழந்தை மூச்சு விடுவதில்லை அல்லவா, அதனால் இதயத்தின் மேலே இரண்டு பெரிய ரத்தக் குழாய்களுக்கு நடுவில் ஒரு சின்ன இணைப்புக் குழாய் இருக்கும். பிறந்த சில நாளில் அது தானாக மூடிக்கொள்ளும். சிலருக்கு மூடாது. மூடாவிட்டால் உடம்புக்குப் போக வேண்டிய ரத்தம் திரும்பத் திரும்ப நுரையீரலுக்கே போகும். இதயம் இரட்டை வேலை செய்யும். அடிக்கடி சளி, எடை ஏறாது, ஓட முடியாது. வருஷம் போகப் போக நுரையீரல் கெட்டுப்போனால் பிறகு மூடவும் முடியாது. மூட வேண்டிய காலத்தில் மூடிவிட்டால் அவ்வளவுதான், எல்லாக் குழந்தைகளையும் மாதிரி ஆகிவிடும்.

அம்மாவை வரச் சொன்னோம். கோமதி என்று பெயர். முப்பது வயது இருக்கும். வேனைப் பார்த்ததுமே முகம் மாறியதை நான் கவனித்தேன். அவள் என்னிடம் கேட்ட முதல் கேள்வி, குழந்தைக்கு என்ன என்பது இல்லை. "உங்கள யாருங்க இன்னிக்கி வரச் சொன்னது?"

நான் விளக்கமாகச் சொன்னேன். சேலம் பெரிய ஆஸ்பத்திரியில் எக்கோ என்கிற இதய ஸ்கேன் எடுத்துப் பார்த்துவிடலாம் என்றேன். "அதெல்லாம் வேண்டாமுங்க. சளிதானுங்க அவளுக்கு. கசாயம் வெச்சா சரியாப் போயிருமுங்க," என்றாள். குழந்தைக்குச் சட்டையை மாட்டி, பட்டனைக்கூடச் சரியாகப் போடாமல், கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய்விட்டாள்.

வேனில் திரும்பும்போது ரேவதி சொன்னாள், "மேடம், அந்தப் பொண்ணுக்கு நீங்க சொன்னது எதுவும் புதுசாத் தெரியல." எனக்கும் அதே நினைப்புதான் ஓடிக்கொண்டிருந்தது.

இரண்டு மூன்று நாள் கழித்து அவர்கள் வீட்டுக்குப் போனோம். முன்பக்கம் நான்கு தறி, பின்பக்கம் குடும்பம். கோமதியின் வீட்டுக்காரர் சக்திவேல் நெய்த துணியை வியாபாரியிடம் போட சேலம் செவ்வாய்ப்பேட்டைக்குப் போயிருந்தார். மாமியார் சொந்தத்தில் ஏதோ விசேஷம் என்று ஒறம்பரை வீட்டுக்குப் போயிருந்தார். தறி ஓடவில்லை. கோமதி கதவுக்குக் குறுக்கே கை வைத்தபடி நின்றாள். "என்னத்துக்குங்க ஊடு வரைக்கும் வாரீங்க? அக்கம்பக்கத்துல என்னன்னு கேப்பாங்க." தண்ணீர் கேட்டேன். வந்தவர்கள் தண்ணீர் கேட்டால் இல்லையென்று சொல்ல நம் பக்கத்துப் பெண்களுக்கு வராது. உள்ளே விட்டாள். அடுப்படியில் உட்கார்ந்தோம்.

தண்ணீர்ச் சொம்பை எங்கள் முன்னால் வைத்தாள். பிறகு அவளே ஆரம்பித்தாள். "எனக்குத் தெரியுமுங்க மேடம். பொறந்தப்பவே சொல்லிட்டாங்க. ஒரு கொழாய் மூடலைன்னாங்க. ஆறு மாசம் கழிச்சு வந்து காட்டுங்கன்னாங்க. தானாவும் மூடிக்கும்னாங்க. மூடியிருக்கும்னு இருந்துட்டனுங்க."

"உங்க ஊட்டுக்காரருக்குத் தெரியுங்களா?"

"யாருக்கும் தெரியாதுங்க. எங்கம்மா மட்டும். அதும் போன வருசம் போய்ச் சேந்துருச்சு."

பிரசவம் நடந்த அன்று கூட இருந்தது அவள் அம்மா மட்டும்தான். டாக்டர் சொன்னதை இரண்டு பேரும் தங்களோடு வைத்துக்கொண்டார்கள். பெண் குழந்தை. நெஞ்சில் சீக்கு உள்ள பிள்ளை என்று பேர் வந்துவிட்டால் நாளைக்கு யார் கட்டுவார்கள். ஆபரேஷன் என்றால் நெஞ்சைக் கிழித்துத் தழும்பு போடுவார்கள். கோமதியின் அக்கா குழந்தை ஒன்று சின்ன வயதிலேயே செத்திருக்கிறது, எதனால் என்று யாருக்கும் தெரியாது. உங்க ரத்தத்திலேயே இது இருக்குது என்று மாமியார் வீட்டில் சொல்லிவிட்டால் அப்புறம் அங்கே எப்படிக் காலம் தள்ளுவது. இதையெல்லாம் அவள் அழாமல்தான் சொன்னாள். நாங்கள் வருகிற நாளில் குழந்தையை எங்கே கூட்டிக்கொண்டு போவாள் தெரியுமா அப்பா? பஸ் ஏறி ராசிபுரத்துக்குப் போய், அங்கே பஸ் ஸ்டாண்டிலேயே சாயங்காலம் வரைக்கும் உட்கார்ந்திருப்பாளாம். குழந்தைக்கு ஒரு பன் வாங்கிக் கொடுத்துவிட்டு.

"ராத்திரியில அவ நெஞ்சுமேல கை வெச்சுப் பாப்பனுங்க. கைக்குள்ளயே உறுமுமுங்க. மூடலைன்னு எனக்கே தெரியுமுங்க," என்றாள்.

நோயைப் பற்றி நான் சொல்ல வேண்டியதை எல்லாம் சொன்னேன். இப்போதெல்லாம் நெஞ்சைத் திறக்கவே வேண்டாம், தொடை வழியாக ஒரு மெல்லிய ஒயரை விட்டு உள்ளேயே ஒரு மூடியைப் பொருத்திவிடுவார்கள், தழும்பே இருக்காது என்றேன். தலையாட்டினாள். தலையாட்டலில் சம்மதம் இல்லை. பயம் நோயைப் பற்றி இருந்தால் மருந்தைச் சொல்லித் தீர்க்கலாம். அவள் பயம் அந்த வீட்டைப் பற்றியது. அதற்கு என்னிடம் என்ன மருந்து இருக்கிறது?

அப்போதுதான் அப்பா, உங்கள் கதையைச் சொன்னேன்.

எங்கப்பா போர்வெல் ரிக்கில் இருபத்தைந்து வருஷம் ஓடினவருங்க என்று ஆரம்பித்தேன். கல்லைத் துளைக்கிற தூசி மழை மாதிரி மேலே விழும், துண்டை மூக்கில் சுற்றிக்கொள்வார், அவ்வளவுதான் பாதுகாப்பு. நான் டாக்டருக்குப் படிக்கிறபோது லீவுக்கு வந்தால் அம்மா, தம்பி, பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் என்று ஆள் விடாமல் நெஞ்சில் வைத்துக் கேட்பேன். அப்பா மட்டும் சிக்கமாட்டார். "கொழந்தைகளுக்கு வெச்சுப் பாரு அம்மணி, எனக்கெதுக்கு," என்பார். இருமல் வந்தால் புழக்கடைக்குப் போய்த் தண்ணீர்க் குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு இருமுவார். கைகால் கழுவுகிறார் என்று நாங்கள் நினைத்துக்கொள்வோம்.

என் கல்யாணம் முடிந்து கொஞ்ச நாளில் என் வீட்டு மாடிப்படியில் பாதியில் உட்கார்ந்துவிட்டார். அன்றைக்குத்தான் முதல் முறையாக அவர் நெஞ்சில் வைத்தேன். காற்று போக வேண்டிய இடங்களில் பாதிக்குமேல் போகவில்லை. நான் கேட்டுக்கொண்டிருக்கும்போதே அவர் சொன்னார், "எனக்குத் தெரியும் அம்மணி. மூணு வருசத்துக்கு முன்னாடியே ஈரோட்டுல படம் புடிச்சுப் பாத்துச் சொல்லிட்டாங்க. கல் தூசி. உன்ற கல்யாணம் முடியட்டும்னு இருந்தேன். சீக்குக் குடும்பம்னு பேரு வந்துரக் கூடாது பாரு."

இதை அவளிடம் சொல்லி முடித்தபோது கோமதி கேட்டாள், "அப்பறமுங்க?"

"அப்பறம் ஒன்றரை வருசம் ஆக்சிஜன் சிலிண்டரோட இருந்தாரு. போயிட்டாரு. ஊருக்கு ஆஸ்துமான்னு சொன்னோம்."

"உங்களுக்காகத்தானுங்களே மறைச்சாரு."

"ஆமாங்க. எனக்காகத்தான். ஆனா என்னையக் கேக்கல. நான் டாக்டர், பக்கத்துலயே இருந்தேன். கல்யாணம் நின்னாலும் பரவால்ல, நீங்க வண்டிய விட்டு எறங்குங்கன்னு சொல்லியிருப்பேன். அந்த மூணு வருசமும் அவரு வண்டியில ஏறித் தூசி தின்னுட்டுத்தான் இருந்தாரு. தர்ஷினியும் ஒரு நாளைக்குப் பெருசாயி உங்கள இப்படிக் கேப்பா."

நான் குரலை உயர்த்தவில்லை. ஆனால் கோபமாகத்தான் சொல்லியிருப்பேன் போலிருக்கிறது. ரேவதி என் முழங்கையைத் தொட்டாள். என் கோபம் அந்தப் பெண்மேல் இல்லை, உங்கள்மேல் என்று உங்களுக்குப் புரியும்.

அந்த நோயைக் குணமாக்குகிற மருந்து கிடையாது என்பது எனக்குத் தெரியும் அப்பா. முன்பே தெரிந்திருந்தாலும் உங்களைக் காப்பாற்றியிருப்பேன் என்று சொல்ல மாட்டேன். ஆனால் வண்டியை விட்டு இறங்கியிருந்தால் இன்னும் சில வருஷம் இருந்திருப்பீர்களா, மாட்டீர்களா? பேத்தியைத் தூக்கிக்கொண்டு மலைப் படியில் கொஞ்ச தூரமாவது ஏறியிருப்பீர்களா? மாப்பிள்ளை வீட்டார் வேண்டாமென்று போயிருந்தால்தான் என்ன? இதை நான் உங்களிடம் ஒருமுறைகூடக் கேட்கவில்லை. மூச்சுக்குத் திணறுகிறவரிடம் எப்படிக் கேட்பது?

கோமதி எங்களை வாசல் வரை வந்து அனுப்பினாள். அன்று இரவு சக்திவேலிடம் சொல்லிவிட்டாள்.

மறுநாள் காலை அவரே என் நம்பரைத் தேடிப் பிடித்துப் பேசினார். திட்டுவார் என்று நினைத்தேன். "ஏனுங்க மேடம், இன்னிக்கே சேலம் கூட்டிட்டுப் போலாமுங்களா?" என்று கேட்டார். நானும் கூடப் போனேன். பெரிய ஆஸ்பத்திரி வராந்தாவில் எக்கோவுக்காகக் காத்திருந்தபோது குழந்தை அவர் மடியில் தூங்கிவிட்டது. கோமதி தள்ளி நின்றாள். அவர் மெதுவாகச் சொன்னார், "எனக்கு ஏன் சொல்லலைன்னு மொதல்ல கோவந்தானுங்க வந்துச்சு. அப்பறம் நெனச்சுப் பாத்தேன். ஆறு வருசமா இவ ஒருத்தியே இதைச் சொமந்திருக்கறா. நான் அந்தப் பக்கம் தறி ஓட்டிக்கிட்டு இருந்திருக்கறேன், எனக்கு ஒன்னுமே கேக்கலை."

எல்லாம் சுமுகமாக முடிந்தது என்று சொல்ல மாட்டேன். மாமியார் திரும்பி வந்து, பயந்தபடியே, உங்கக்கா கொழந்தைக்கும் இதேதான் இருந்திருக்கும், மறைச்சுத்தான் கட்டிக் குடுத்தீங்க என்று பேசியிருக்கிறார். ஒரு வாரம் அந்த வீட்டில் யாரும் யாரோடும் சரியாகப் பேசவில்லையாம். "செத்த நேரம் சும்மா இரும்மா, கொழந்தை பொழைக்கட்டும்," என்று சக்திவேல் ஒரே வார்த்தையில் நிறுத்தியதாகக் கோமதி சொன்னாள். மாமியார் இன்னும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டுதான் இருக்கிறாராம். ஆனால் குழாயை மூடக் கோயம்புத்தூருக்குக் கிளம்பிய அன்று குழந்தைக்குத் திருநீறு வைத்து, வழிக்குக் கட்டுச்சோறும் கட்டிக் கொடுத்திருக்கிறார்.

எக்கோவில் நான் சந்தேகப்பட்டதுதான் வந்தது. நுரையீரல் இன்னும் கெடவில்லை, மூடலாம் என்றார்கள். கோயம்புத்தூரில் மூடினார்கள். அந்த நாள் முழுக்க நான் வேறொரு ஊரில் குழந்தைகளைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒவ்வொரு நெஞ்சிலும் வைக்கும்போது எனக்கு அந்த இயந்திரச் சத்தம்தான் நினைவுக்கு வந்தது. சாயங்காலம் சக்திவேல் போன் செய்தார். "முடிஞ்சுதுங்க. இட்லி கேக்கறா," என்றார். ரேவதியிடம் போனைக் கொடுத்து அவளையும் கேட்க வைத்தேன்.

சில வாரம் கழித்து மறுபடி அந்தப் பள்ளிக்கூடத்துக்குப் போனேன். இந்த முறை சொல்லிவிட்டுத்தான் போனோம். தர்ஷினி லீவு போடவில்லை. கோமதியும் கூட வந்து உட்கார்ந்திருந்தாள். பக்கத்து ஷெட்டில் நாங்கள் கேட்பதற்கு முன்பே தறியை நிறுத்தி வைத்துவிட்டு, அங்கிருந்து இரண்டு பேர் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்தார்கள். அதே இடத்தில், காறை எலும்புக்குக் கீழே வைத்தேன். ஒரு சத்தம். அமைதி. இன்னொரு சத்தம். அமைதி. வேறொன்றும் இல்லை. தேவைக்கு அதிகமாகவே நேரம் வைத்துக் கேட்டுக்கொண்டிருந்தேன்.

கோமதியின் காதில் மாட்டிவிட்டேன். அவள் கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். "நடுவுல ஒன்னுமே கேக்கலீங்களே மேடம்," என்றாள். பிறகுதான் அதன் அர்த்தம் அவளுக்கு எட்டியது. குழந்தையின் தலையை இழுத்துத் தன் வயிற்றோடு வைத்துக்கொண்டாள். தர்ஷினி நெளிந்தாள். வெளியில் இடைவேளை மணி அடித்திருந்தது, அவளுக்கு ஓட வேண்டும்.

கிளம்பும்போது கோமதி என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "உங்கப்பா கதைய நான் யாருகிட்டயும் சொல்லலீங்க," என்றாள். சொன்னாலும் பரவாயில்லை என்று நான் சொன்னேன். அதைச் சொன்ன பிறகுதான் எனக்கே தெரிந்தது, பரவாயில்லை என்று.

இதோடு கடிதத்தை முடித்திருப்பேன். ஆனால் போன வாரம் குப்புசாமி மாமா போன் செய்தார். உங்களோடு ஒரே ரிக்கில் ஓடியவர், உங்கள் காரியத்தில் முன்னால் நின்று எல்லாம் செய்தவர். மூத்த பெண்ணின் குழந்தைக்குச் சளி, என்ன மருந்து கொடுக்கலாம் என்று கேட்டார். சொன்னேன். ஆனால் அவர் ஒரு வாக்கியத்தை முடிப்பதற்குள் இரண்டு தடவை நின்று நின்று பேசினார்.

"என்னுங்க மாமா, மூச்சு வாங்குது?"

"ஒன்னுமில்ல அம்மணி. மாடிப்படி ஏறிட்டே பேசறேன்."

"உங்க ஊட்டுல மாடியே இல்லீங்களே மாமா."

அந்தப் பக்கம் கதவைச் சாத்துகிற சத்தம் கேட்டது. பிறகு சொன்னார், "அத்தைகிட்டச் சொல்லீராத கண்ணு. சின்னவளுக்கு வரன் பாத்துட்டிருக்கறோம்."

வருகிற ஞாயிற்றுக்கிழமை திருச்செங்கோட்டுக்கு வருகிறேன் அப்பா. அம்மாவைப் பார்த்துவிட்டு நேராக அவர் வீட்டுக்குத்தான் போகப் போகிறேன். கொழந்தை டாக்டருக்கு இங்க என்ன வேலை என்பார். சட்டையைக் கழற்ற மாட்டேன் என்பார். அத்தையையும் சின்னவளையும் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு, உங்களுக்கு என்ன நடந்தது என்பதை ஒன்று விடாமல் சொல்வேன். ஆஸ்துமா என்று சொல்ல மாட்டேன். அதற்குப் பிறகும் அவர் மறுத்தால், அவர் கழற்றுகிற வரைக்கும் அங்கேயே உட்கார்ந்திருப்பேன். இது நான் உங்களுக்குக் கொடுக்கும் வாக்கு.

உங்களை இன்னும் கோபித்துக்கொண்டிருக்கும்,
உங்கள் மூத்த மகள்
பூங்கொடி